கொக்கநேரியில் கை இறங்காத காலம்

கொக்கநேரி ஊராட்சியில் தூக்கிய கை இறங்காமல் போனது ஒரு காந்தி ஜெயந்தி அன்று, கிராம சபை நடந்துகொண்டிருந்தபோது, சமுதாய நலக்கூடத்தில் மிக்சர் பொட்டலம் வரிசை வரிசையாகக் கைமாறிக்கொண்டிருந்த நேரத்தில்தான் என்பதில் ஊருக்குள் இன்றுவரை யாருக்கும் கருத்து வேறுபாடு கிடையாது. அந்த மிக்சரில் முந்திரி இருந்ததா இல்லையா என்பதில் மட்டும் சண்டை ஓடிக்கொண்டிருக்கிறது.

அன்றைக்குப் பூரணத்தாயும் சபைக்கு வந்திருந்தாள். ஓடைக்குக் கிழக்கே இருக்கிற ஏழு வீடுகளில் கடைசி வீடு அவளுடையது. புருஷன் கேரளத்தில் ஒரு ஓட்டலில் புரோட்டா போடுகிறான். இவள் இங்கே பீடி சுற்றுகிறாள். அதுவரை கிராம சபைப் பக்கம் எட்டிக்கூடப் பார்த்தவளில்லை. வந்ததற்குக் காரணம் மகள் மாரிக்கனி. கனிக்குத் தலைப்பிள்ளை, அப்போது ஐந்தாம் மாதம். பேறுகாலத்துக்குத் தாய்வீட்டுக்கு அழைத்துக்கொள்ளும் பேச்சை எடுக்க வாயெல்லாம் பல்லாகச் சம்பந்தி வீட்டுக்குப் போனவளிடம், சம்பந்தியம்மாள் காப்பியை நீட்டிக்கொண்டே, "தப்பா எடுத்துக்காதிய. பிள்ளத்தாச்சிக்குக் குளிக்க, துவைக்கன்னு எவ்வளவு தண்ணி வேணும்! ஓடையத் தாண்டிப் போயி நீங்க ஒத்த ஆளு எத்தன குடம் சுமப்பிய? வீட்டுக்குக் குழாய் வரட்டும், நானே கொண்டாந்து விடுதேன்," என்று சொல்லிவிட்டாள். மரியாதையாகத்தான் சொன்னாள். அதனால்தான் பஸ்ஸில் திரும்பி வரும் வழியெல்லாம் பூரணத்துக்கு அழுகை வந்தது. திட்டியிருந்தால் திருப்பித் திட்டியாவது ஆறியிருக்கலாம்.

ஆகவே சபையில் எழுந்து நின்று கேட்டுவிடுவது என்று முடிவு செய்து, "ஓடைக்குக் கெழக்க ஏழு வீட்டுக்கும் தண்ணி வேணும்" என்ற ஒற்றை வரியை இலை வெட்டும்போதும், தூள் அள்ளும்போதும், நூல் கட்டும்போதும் சொல்லிச் சொல்லிப் பழகிக்கொண்டு வந்து, பெண்கள் வரிசையில் ஓரமாக உட்கார்ந்தாள். பக்கத்தில் யார் என்று பார்த்தால் மேலத்தெரு செண்பகவல்லி. அவள் வீட்டு வாசல் குழாயில்தான் பூரணம் தினமும் தண்ணீர் பிடிப்பது. போன சித்திரையில் வரிசைத் தகராறில் பூரணத்தின் குடத்தை எட்டி உதைத்து ஓடை வரைக்கும் உருள விட்ட புண்ணியவதியும் அவள்தான்.

ஊராட்சிச் செயலர் பால்வண்ணன் தீர்மானங்களை வாசித்தார். நல்ல மனுஷன்தான், ஆனால் அவர் வாசிப்பது கல்யாண வீட்டு மந்திரம் மாதிரி: நடந்துகொண்டிருக்க வேண்டும், யாரும் கேட்கக் கூடாது. மைக் வேறு இடையிடையே கீச்சிட்டது. தலைவர் தமயந்திக்கு அடுத்து இரண்டு ஊரில் விழா இருந்ததால் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். மிக்சர் மூன்றாவது வரிசைக்கு வந்தபோது பால்வண்ணன் மூச்சு வாங்கி, "...என்று இச்சபை ஒருமனதாகத் தீர்மானிக்கிறது. எல்லாரும் வலது கையத் தூக்குங்க, போட்டோ எடுக்கணும்," என்றார். எல்லாரும் தூக்கினார்கள். பூரணம் எப்போது எழுந்து பேசுவது என்று திருதிருவென்று விழித்துக்கொண்டிருக்க, செண்பகவல்லி முழங்கையால் இடித்து, "ஏ, கெழக்கு ஓடக்காரி, போட்டோல உன் ஒருத்தியால ஊர் மானம் போகுது, தூக்கு," என்றாள். பூரணமும் தூக்கினாள். வெளிச்சம் மின்னியது. "போதும், இறக்குங்க," என்றார் பால்வண்ணன். யாருக்கும் இறங்கவில்லை.

வலி இல்லை, மரத்துப் போகவில்லை. விரல்கள் மடங்கின, மணிக்கட்டு திரும்பியது, தலைக்கு மேலே கொசுவை அடிக்க முடிந்தது. கை மட்டும் தோளுக்குக் கீழே வர மாட்டேன் என்றது, அவ்வளவுதான். சுகாதார நிலையத்து டாக்டரம்மா தைலம் தடவிப் பார்த்தார், ஊசி போட்டுப் பார்த்தார், கடைசியில், "நரம்புல ஒரு கோளாறும் இல்லையே, எதுக்குத் தூக்கினீங்க?" என்று கேட்டார். ஒருத்தருக்கும் தெரியவில்லை. சுடலைமாடன் கோயிலில் சாமியாடியும் சபைக்குப் போயிருந்தவர்தான், ஏற்கெனவே உயர்ந்திருந்த கையோடு அவர் ஆடியபோது சாமி எரிச்சலாக, "நானா தூக்கச் சொன்னேன்?" என்று கேட்டுவிட்டு மலையேறிவிட்டது.

டாக்டரும் கைவிட்டு, சாமியும் கைவிட்ட பிறகு ஊர் என்ன செய்யும்? பிழைப்பைப் பார்க்கத் தொடங்கியது. தையல்காரர் வலது தோளில் கொக்கி வைத்துச் சட்டை தைத்தார். ஐப்பசி மழையில் குடையைக் கையில் மாட்டிவிட்டால் போதும், பிடித்துக்கொண்டிருக்கிற சிரமமே இல்லை. ஆடு வளர்க்கிறவர்கள் போகிற போக்கில் வேப்பங்குழையை ஒடித்துப் போட்டுக்கொண்டே போனார்கள். பட்டப்படிப்பு படித்த தலைவர் தமயந்தி கையெழுத்துப் போட முடியாமல் இடதுகைப் பெருவிரலை மையில் அழுத்தி ரேகை வைத்தார். மெயின் ரோட்டிலிருந்து ஊருக்குப் பிரிகிற கொக்கநேரி விலக்கில் கை காட்டினாலும் நிற்காமல் புழுதி கிளப்பிப் போகிற நாகர்கோவில் பஸ், வயலில் களை பறிக்கிறவர்கள் முதல் வாய்க்காலில் கால் கழுவுகிறவர்கள் வரை ஊரே கை காட்டிக்கொண்டு நிற்பதைப் பார்த்து மிரண்டுபோய் நின்றது. கண்டக்டர் இறங்கி, "எல்லாரும் எங்கய்யா போறீங்க?" என்று கேட்டார். "நாங்க எங்கயும் போகல, நீங்க போங்க," என்றார்கள். இருந்தாலும் அன்றிலிருந்து நின்றுதான் போனது.

இரண்டு கை வேண்டிய வேலைகளுக்குத்தான் ஆளுக்கு ஆள் தேவைப்பட்டது. டீக்கடை ராமையா ஒற்றைக் கையால் டீ ஆற்ற முடியாமல் திண்டாடியபோது, அந்த நேரம் கடை வாசலில் நின்ற கிழக்கு ஓடைத் தவசி ஒரு குவளையைப் பிடித்தான். அதுவரை அந்தக் கடையில் வெளியே நின்று குடித்துவிட்டுக் காசை வைத்துவிட்டுப் போகிறவன் அவன். இப்போது கடைக்குள்ளே ராமையா ஒரு பக்கம், தவசி ஒரு பக்கம், இருவருக்கும் நடுவே டீ வளைந்து வளைந்து பறந்தது. முதல் வாரம் பாதி தரையில் கொட்டியது. அப்புறம் ஒரு சொட்டு சிந்தவில்லை. ருசியும் கூடிவிட்டது என்று பக்கத்து ஊரிலிருந்தெல்லாம் ஆள் வந்தார்கள்.

பீடிக்கும் இரண்டு கை வேண்டுமே! பூரணம் வீட்டில் வெட்டிய இலை காய்ந்துகொண்டு கிடந்தது. ஒரு மத்தியானம் செண்பகவல்லி, இடது இடுப்பில் பீடி இலையும் தூளும் வைத்த சுளகோடு ஓடையைத் தாண்டி வந்து நின்றாள். ஓடைக்கு இந்தப் பக்கம் அவள் வந்தது அதுதான் முதல்முறை.

"மேலத்தெருவுல எல்லாவளுக்கும் ஜோடி சேந்துட்டு," என்றாள் எங்கோ பார்த்துக்கொண்டு. "எனக்குத்தான் ஒருத்தியும் ஒத்து வரமாட்டேங்கா."

'உன் வாய்க்கு யாரு ஒத்து வருவா' என்று பூரணத்துக்கு நாக்கு வரை வந்தது. குடம் உருண்டதும் ஞாபகம் வந்தது. ஆனால் காய்ந்த இலையைப் பார்த்தாள். "உக்காருங்க யக்கா," என்றாள்.

முழங்கால் முட்ட எதிரெதிரே உட்கார்ந்து, ஒருத்தியின் இடது கை இலையைப் பிடிக்க, மற்றவளின் இடது கை தூளை நிரப்பிச் சுருட்ட, இவள் தலையை மடக்க, அவள் நூலைச் சுற்ற, ஒரு நுனியை இவள் பல்லாலும் மறு நுனியை அவள் பல்லாலும் இழுக்க, முதல் பீடி கோணல்மாணலாக ஒரு மாங்காய்ப் பிஞ்சு போல் வந்தது. இரண்டு பேரும் அதையே பார்த்தார்கள். முதலில் சிரித்தது செண்பகவல்லிதான். பல்லில் நூலோடு சிரித்தாள். பூரணத்துக்கும் அடக்க முடியவில்லை. அந்தச் சிரிப்புக்கு நடுவிலேயே, சம்பந்தியம்மாள் சொன்னதை, கனிக்கு மாசம் ஏறிக்கொண்டே போவதை, குடம் குடமாகக் கனவு வருவதை எல்லாம் பூரணம் சொல்லிவிட்டாள். செண்பகவல்லி கேட்டுக்கொண்டே தூளை அள்ளினாள்.

நவம்பர் ஒன்றாம் தேதி அடுத்த சபை. வழக்கமாக நாற்காலி நிரம்பாது, வாட்ச்மேனைக் கூப்பிட்டு உட்கார வைப்பார்கள். அன்றைக்கு ஊரே வந்தது. கை போன இடத்தில்தானே தேட வேண்டும். பால்வண்ணன் முதல் தீர்மானமாக வரவு செலவை வாசித்து, "சம்மதிக்கிறவங்க கையத்..." என்று ஆரம்பித்தவர் நிமிர்ந்து பார்த்தார். எல்லாக் கையும் ஏற்கெனவே மேலே இருந்தது.

"அப்போ ஒருமனதா நிறைவேறிட்டு," என்றார் குழாய் காண்டிராக்டர் உலகநாதன் உற்சாகமாக. "அப்படியே குளத்து மீன் குத்தகையையும் என் பேருக்கு வாசிச்சிருங்க, அதுவும் நிறைவேறட்டும்."

கூட்டம் திடுக்கிட்டது. இது என்ன அநியாயம், இனி யார் எதை வாசித்தாலும் நாம் சம்மதித்ததாக ஆகிவிடுமே! இடது கையைத் தூக்கலாமா என்றால், அதுவும் மாட்டிக்கொண்டால் யார் சோறு ஊட்டுவது? கடைசியில் தவசி, "வாயத் தொறந்து சொல்லுவோம். சம்மதம்னா சம்மதம், இல்லன்னா இல்ல," என்றான். சரி என்றார்கள். ஆனால் வாயைத் திறந்து ஒன்றைச் சொல்ல வேண்டுமென்றால் முதலில் அது என்னவென்று காதில் விழ வேண்டும் அல்லவா? "மெதுவா வாசிங்க!" என்றது ஒரு குரல். "மைக்க அணைச்சிட்டு வாசிங்க!" "புரியலை, திருப்பி வாசிங்க!" பால்வண்ணனுக்கு வேர்த்துவிட்டது, பதினைந்து வருஷ உத்தியோகத்தில் அவரை யாரும் இப்படிக் கேட்டதில்லை. உள்ளுக்குள்ளே கொஞ்சம் சந்தோஷமாகவும் இருந்தது என்று பிற்பாடு சொன்னார்.

அப்போது ராமையா எழுந்து, "போன தடவ எதுக்குக் கை தூக்கினோம்? அத முதல்ல வாசிங்க," என்றார்.

பால்வண்ணன் தொண்டையைச் செருமினார். வார்த்தை வார்த்தையாக, பள்ளிக்கூடப் பிள்ளைக்குச் சொல்வதுபோல் வாசித்தார்: "கொக்கநேரி ஊராட்சியிலுள்ள எல்லா வீடுகளுக்கும் குழாய் இணைப்பு கொடுக்கப்பட்டு, தண்ணீர் வந்துகொண்டிருக்கிறது என்று இச்சபை உறுதி சொல்கிறது."

பூரணம் எழுந்தாள். ஒரு மாதமாக ஒத்திகை பார்த்த வரி மறந்துபோய், "எங்களுக்கு வரலையே," என்று மட்டும்தான் வந்தது.

"நீயும்லா தூக்கியிருக்க?" என்று பின்னாலிருந்து ஒருவர் கேட்டார். கேலியாக அல்ல, நிஜமாகவே புரியாமல் கேட்டார்.

பூரணம் அண்ணாந்து தன் கையைப் பார்த்தாள். தலைக்கு மேலே, ஐந்து விரலையும் விரித்து, என் வீட்டில் தண்ணீர் வருகிறது என்று ஊருக்குச் சொல்லிக்கொண்டு நின்றது அது. அவளுக்கு வெட்கமாக இருந்தது. பெற்ற மகளுக்கு எதிராகத் தானே சாட்சி சொல்லிவிட்டோமே என்று பட்டது.

உடனே அந்தத் தீர்மானத்தை ரத்து செய்கிறோம் என்று வாயால் சொன்னார்கள். ஒருவர் விடாமல் சொன்னார்கள். கை அசையவில்லை. மறுபடி சொன்னார்கள், இன்னும் சத்தமாக. ஊஹூம். சொன்னது சொன்னதுதான், அது நிஜமாகிற வரைக்கும் நாங்கள் இப்படித்தான் நிற்போம் என்பதுபோல் நின்றன கைகள்.

உலகநாதன் எழுந்தார். மேலத்தெரு வரைக்கும் குழாய் பதித்து, ஓடைக்கரையில் மூடி போட்டு நிறுத்திவிட்டு வந்தவர் அவர்தான். "ஓடையத் தாண்டணும்னா இரும்புக் குழாய் வேணும். என் எஸ்டிமேட்ல அது இல்ல. ஆனா ஒரு வழி இருக்கு. தீர்மானத்துல என்ன சொல்லியிருக்கு? ஊராட்சியிலுள்ள எல்லா வீடும். அந்த ஏழு வீட்டயும் பக்கத்து ஊராட்சிக்குத் தள்ளி விட்டிருவோம். மிச்சம் எல்லாருக்கும் தண்ணி வருதுல்லா? தீர்மானம் நெசமாயிரும், கையும் எறங்கிரும்."

நிறைய முகங்களில் ஒரு வெளிச்சம் வந்து போனதைப் பூரணம் பார்த்தாள். அவர்களைக் குற்றம் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை. ஒற்றைக் கையோடு வாழ்ந்து அலுத்த ஜனம். இப்போது 'சம்மதம்' என்ற சொல் எங்கிருந்து முதலில் வரும் என்று தலையைக் குனிந்துகொண்டு காத்திருந்தாள். தண்ணீர் கேட்டு வந்த இடத்தில் ஊரே போய்விடும் போலிருந்தது.

"எனக்குச் சம்மதமில்ல."

செண்பகவல்லி. நாற்காலி பின்னால் விழ எழுந்து நின்றாள்.

"உனக்கென்னம்மா நட்டம்?" என்றார் உலகநாதன்.

"பூரணம் பக்கத்து ஊருக்குப் போயிட்டா நான் யாருகூட பீடி சுத்த? உம்மகூடவா? மூணு வாரமா இவ எல பிடிக்க, நான் தூள் போட, இப்பத்தான் பீடி நேரா வருது. இவளத் தள்ளணும்னா என்னையும் சேத்துத் தள்ளும்!" சொல்லும்போதே அவளுக்குக் குரல் உடைந்தது, அதை மறைக்க இன்னும் சத்தமாகக் கத்தினாள். "அவ மக பேறுகாலத்துக்கு வர முடியாம கெடக்கா. ஒரு குடத்த எட்டி உதச்ச பாவமே எனக்கு இன்னும் தீரல, ஏழு வீட்ட உதச்ச பாவத்த எவன்யா சுமப்பான்?"

ராமையா எழுந்தார். "எனக்கும் சம்மதமில்ல. தவசி இல்லாம நான் டீ ஆத்த முடியாது." சம்மதமில்லை, சம்மதமில்லை என்று ஒவ்வொரு வரிசையாக வந்தது. ஒருத்தர் சொன்னதும் அடுத்தவருக்குத் தைரியம் வந்தது. கடைசியில் தலைவர் தமயந்தி நாற்காலியை விட்டு எழுந்து, "எனக்கும் சம்மதமில்ல," என்றார். பிறகு தயங்கி, "நானும் அன்னைக்குக் கேக்காமத்தான் தூக்கினேன்," என்றார். உலகநாதன் தன் பக்கத்தில் யாராவது இருக்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தார். அவருக்குச் சட்டை மாட்டிவிடுகிற சம்சாரமே முறைத்தாள். உட்கார்ந்துவிட்டார்.

இதற்கிடையில், எல்லா வீட்டுக்கும் தண்ணீர் கொடுத்த ஊர் என்று பாராட்டி மாலை போட வட்டார அலுவலகத்திலிருந்து ஒரு அதிகாரி கார்த்திகையில் வந்தார். ஜீப்பை விட்டு இறங்கியவர் கூடம் நிறைய உயர்ந்திருந்த கைகளைப் பார்த்துக் கொஞ்சம் பயந்து, "இத்தனை பேருக்கும் கேள்வியா? சரி, ஒவ்வொருத்தரா கேளுங்க," என்றார். கேட்டார்கள். முதல் வரிசையில் முதல் ஆள், "ஓடைக்குக் கெழக்க எப்போ தண்ணி வரும்?" என்று கேட்டார். இரண்டாவது ஆளும் அதையே கேட்டார். தவசி கேட்டான், ராமையா கேட்டார், செண்பகவல்லி இடுப்பில் கை வைத்துக் கேட்டாள், பால்வண்ணன் செயலர் என்பதையும் மறந்து வரிசையில் நின்று கேட்டார், உலகநாதன்கூட முனகலாகக் கேட்டார். அதிகாரி முதலில் கோபப்பட்டார், அப்புறம் ராமையா கடை டீ குடித்தார், அப்புறம் இன்னொரு டீ குடித்தார், பொழுது சாய்கிற நேரத்தில் பூரணம் கடைசி ஆளாகக் கேட்டபோது, "வரும்மா, வரும். நானே நின்னு வாங்கித் தாரேன்," என்றார். மாலையை ஜீப்பிலேயே திருப்பி எடுத்துப் போனார். மார்கழியில் லாரியில் இரும்புக் குழாய் வந்தது.

ஓடைக்குள் குழாய் இறக்கியதைப் பார்க்க வேண்டுமே! ஒரு மண்வெட்டிக்கு இரண்டு பேர், ஒரு கூடைக்கு இரண்டு பேர், மேலத்தெருவும் கிழக்கு ஓடையும் ஒன்றுவிட்டு ஒன்றாக நின்று, தூக்கிய கையோடு குனிந்து குனிந்து எழுந்ததைத் தூரத்திலிருந்து பார்த்தால் ஏதோ நாற்று நடவு மாதிரி இருந்தது. உலகநாதன் தன் மூடியைத் தானே கழற்றினார். பொங்கலுக்கு முதல் நாள் காலையில் முதல் வீட்டுக் குழாயில் தண்ணீர் வந்தது. ஊர் மூச்சைப் பிடித்துக்கொண்டு கையைப் பார்த்தது, அசையவில்லை. இரண்டாம் வீடு, மூன்றாம் வீடு. ஆறாவது வீட்டிலும் வந்தது. கை அப்படியே இருந்தது.

பூரணம் தன் வாசல் குழாயை இடது கையால் திறந்தாள். புஸ்ஸென்று காற்று வந்தது. சிவப்பாய்த் துரு கலந்து கொஞ்சம் வந்தது. பிறகு தெளிந்து, பளிச்சென்று, குடத்துக்குள் இரைந்து விழுந்தது. அவள் அதையே பார்த்துக்கொண்டிருந்தபோது பக்கத்தில் யாரோ கை நீட்டித் தண்ணீரை அள்ளினார்கள். பார்த்தால் அது அவளுடைய வலது கைதான். ஊர் முழுக்க இறங்கிவிட்டிருந்தது. டீக்கடையில் மட்டும் ஒரு டீ தரையில் கொட்டியதாம். பூரணம் ஈரக் கையால் முகத்தைத் துடைத்துத் துடைத்து அழுதாள், அழுதுகொண்டே சம்பந்தியம்மாளுக்குப் போன் போட்டு, சத்தத்தைக் கேட்கட்டும் என்று போனைக் குழாய்ப் பக்கம் காட்டினாள்.

தை பிறந்து சில நாளில் கனி வந்தாள். சம்பந்தியம்மாள் சொன்னபடி தானே கொண்டுவந்து விட்டாள். பஸ் பழக்கதோஷத்தில் விலக்கில் நின்றது. மறுநாள் மத்தியானம் செண்பகவல்லி, இரண்டு கையும் சரியாகிவிட்ட பிறகும், சுளகைத் தூக்கிக்கொண்டு ஓடையைத் தாண்டி வந்து பழைய இடத்திலேயே முழங்கால் முட்ட உட்கார்ந்தாள். பூரணம் இலையை எடுத்து நீட்டினாள்.

குடியரசு தினத்துச் சபைக்கு மகளைத் தனியே விட மனசில்லாமல் பூரணம் கனியையும் கூட்டிப் போனாள். பால்வண்ணன் மைக் இல்லாமல், மெதுவாக, விலக்கிலிருந்து மேலத்தெரு வரைக்கும் புதுச் சாலை போடும் தீர்மானத்தை வாசித்துவிட்டு, "சம்மதம்னா... கையத் தூக்கலாம்," என்றார். எல்லாருடைய கையும் மடியிலேயே இருந்தது. ஒவ்வொருவரும் தன் கையை ஒரு தடவை பார்த்துக்கொண்டார்கள்.

பூரணம் எழுந்தாள். "மேலத்தெரு வரைக்கும்னா, ஓடப் பாலம் அதுல சேந்திருக்கா? என் மகளுக்கு ராத்திரி வலி எடுத்தா வண்டி வீட்டு வாசலுக்கு வரணும்லா?"

"சேரல," என்றார் பால்வண்ணன்.

"அப்ப சேத்துட்டு வாசிங்க."

கனி அம்மாவின் முந்தானையை இழுத்தாள். "எம்மா, எல்லாரும் உன்னயே பாக்காவ."

"பாக்கட்டும்ட்டி," என்றாள் பூரணம், நின்றபடியே.

தலைவரும் செயலரும் குசுகுசுவென்று பேசினார்கள். கூட்டத்திலும் ஆளுக்கொன்று பேசினார்கள், எதிர்த்தும் இரண்டு பேர் பேசினார்கள், அவர்களுக்கும் பதில் சொல்லப்பட்டது. பிறகு பால்வண்ணன் பாலத்தையும் சேர்த்து முதலிலிருந்து வாசித்தார். பூரணம் ஒவ்வொரு வார்த்தையாகக் கேட்டாள். கேட்டு முடித்து, சரிதான் என்று மனசில் பட்ட பிறகு, ஊரில் எல்லாருக்கும் முதலாக வலது கையைத் தூக்கினாள். மாதக்கணக்கில் குடியிருந்த உயரம். கைக்கு வழி தெரிந்திருந்தது. எண்ணி முடிக்கிற வரைக்கும் பிடித்திருந்தாள். அப்புறம் அவளே இறக்கி, மகளின் வயிற்றின்மேல் வைத்துக்கொண்டாள்.